கொல்லைப்புறப் பெர்கோலாவுக்குக் கூரை போடும் முன்

11 பிப்ரவரி 2024, மதுரையிலிருந்து ஒரு வாசகர் கேட்டது

வீட்டுக்குப் பின்னால் 12 அடிக்கு 10 அடியில் இரும்புப் பெர்கோலா இருக்கிறது. நான்கு தூண்கள். மேலே இரண்டு அங்குலச் சதுரக் குழாய்கள் இடைவெளி விட்டு வரிசையாக ஓடுகின்றன. வீடு கட்டும்போது அழகுக்காகப் போட்டது. வெயிலுக்கும் உதவவில்லை, மழைக்கும் உதவவில்லை. பட்டறைக்காரர் வந்து பார்த்துவிட்டு, "மேலே பாலிகார்பனேட் ஷீட் வைத்து ஸ்க்ரூ அடித்தால் ஒரே நாளில் முடிந்துவிடும்" என்கிறார். முன்பணம் கேட்கிறார். தூண்கள் டைல்ஸ் தரைமேல் பிளேட் வைத்து போல்ட் போட்டு நிற்கின்றன. மேல்பகுதி மட்டமாக இருக்கிறது. பணம் கொடுக்கலாமா?

அதே நாள், இரவு

கொடுக்க வேண்டாம். ஷீட்டைப் பற்றிப் பிறகு பேசுவோம். முதலில் குனிந்து தூணின் காலைப் பாருங்கள்.

இப்போது காற்று உங்கள் குழாய்களின் இடைவெளி வழியாகப் போய்விடுகிறது. அதனால்தான் நான்கு போல்ட்டில் அந்தச் சட்டம் இத்தனை நாள் நிற்கிறது. ஷீட் போட்ட நிமிடத்திலிருந்து அது பாய் விரித்த தோணி. கீழே புகுந்த காற்று மேல்நோக்கித் தள்ளும், மேலே ஓடும் காற்று மேல்நோக்கி இழுக்கும். இரண்டும் ஒரே திசைதான். கூரை என்றால் பாரம் கீழே இறங்கும் என்றுதான் எல்லோரும் நினைக்கிறார்கள். நாற்புறமும் திறந்த சிறிய கூரையைப் பொறுத்தவரை, மேலே போக நினைப்பதுதான் பெரிய ஆபத்து.

நான் மன்னார்குடிக்காரன். 2018 நவம்பர் 16 அதிகாலையில் கஜா புயல் நாகப்பட்டினத்துக்கும் வேதாரண்யத்துக்கும் இடையே கரையைக் கடந்தது. சாய்ந்த தென்னந்தோப்புகளைச் செய்தியில் எல்லோரும் பார்த்தீர்கள். விடிந்ததும் எங்கள் தெருவில் நான் பார்த்தது கூரைகளை. ஷீட் மட்டும் கிழிந்து போன இடங்கள் சில. ஷீட், சட்டம், தூண் எல்லாம் ஒன்றாகப் பிடுங்கிக்கொண்டு போன இடங்கள் பல. ஒரு வீட்டின் கார்க் கொட்டகை அடுத்த மனையில் தலைகீழாகக் கிடந்தது. அதன் நான்கு பிளேட்டிலும் டைல்ஸ் துண்டுகள் அப்படியே ஒட்டியிருந்தன. வெல்டிங் ஓரிடத்திலும் விடவில்லை. தரைதான் விட்டுவிட்டது.

12 பிப்ரவரி

"மதுரையில் ஏது புயல்? அவ்வளவு இரும்பைக் காற்று தூக்குமா?" என்று ஒருவர் கேட்டிருக்கிறார். கணக்குப் போட்டுப் பார்த்துவிடலாம்.

கட்டடங்களுக்கான காற்றுச் சுமையைச் சொல்லும் இந்தியத் தர ஆவணம் ஐ.எஸ். 875, மூன்றாம் பகுதி. அதில் மதுரைக்கும் கோயம்புத்தூருக்கும் அடிப்படைக் காற்று வேகம் வினாடிக்கு 39 மீட்டர். திருச்சிக்கு 47. சென்னைக்கு 50. மணிக்கு எவ்வளவு என்று சொன்னால் மதுரைக்குச் சுமார் 140 கிலோமீட்டர், சென்னைக்கு 180. வேகத்தை வேகத்தால் பெருக்கி, 0.6-ஆல் பெருக்கினால் ஒரு சதுர மீட்டருக்கு எத்தனை நியூட்டன் அழுத்தம் என்று கிடைக்கும். மதுரைக்கு 912 நியூட்டன், அதாவது ஏறக்குறைய 93 கிலோ.

உங்கள் கூரை 120 சதுர அடி, 11 சதுர மீட்டருக்குச் சற்று அதிகம். மொத்தம் ஒரு டன்னைத் தாண்டுகிறது. தூணுக்கு 260 கிலோ. 10 மி.மீ. இரட்டைச்சுவர் பாலிகார்பனேட் (இரண்டு மெல்லிய பிளாஸ்டிக் தகடுகளுக்கு நடுவே வெற்று அறைகள் ஓடும் ஷீட்) சதுர மீட்டருக்கு 1.7 கிலோதான். கூரை முழுவதற்கும் ஷீட்டின் எடை 20 கிலோகூட வராது. 20 கிலோப் பொருளை ஒரு டன் விசை தூக்கப் பார்க்கிறது. இரும்புச் சட்டத்தின் எடை 150, 200 கிலோ இருக்கலாம். அதைக் கழித்தாலும் தூணுக்கு 200 கிலோவுக்கு மேல் மிச்சம்.

இது ஒரு தோராயம். சுற்றிலும் வீடுகள் இருந்தால் குறையும், கூரையின் ஓரங்களில் கூடும். ஆனால் எந்தத் திசையில் யோசிக்க வேண்டும் என்பது இதிலேயே விளங்கிவிடும்.

இதற்கு மருந்து கான்கிரீட். ஒன்றரை அடிக்கு ஒன்றரை அடி, இரண்டடி ஆழம் குழி எடுத்தால் நாலரை கன அடி, சுமார் 300 கிலோ. அது மதுரைக்குக் கைக்கும் வாய்க்குமாக இருக்கும். இரண்டடிக்கு இரண்டடி, இரண்டடி ஆழம் என்றால் 8 கன அடி, 540 கிலோ. நான் இதைத்தான் சொல்வேன். குழியின் அளவை இரட்டிப்பாக்க ஆகும் செலவு, மொத்த வேலையில் மிகச் சிறியது.

13 பிப்ரவரி

நேற்றைய குறிப்பைப் படித்துவிட்டு, சட்டத்தையே கழற்றிப் புதிதாக நட வேண்டுமா என்று மதுரை வாசகர் கவலைப்பட்டிருக்கிறார். வேண்டியதில்லை. ஒவ்வொரு தூணாகச் செய்யலாம். தூணுக்கு இருபுறமும் சட்டத்துக்கு முட்டுக் கொடுங்கள். பிளேட்டைக் கழற்றி, அந்த இடத்து டைல்ஸை மெஷின் வைத்து நேராக அறுத்தெடுத்து, குழி தோண்டுங்கள். தூணின் அடியில் இரண்டடி நீளத்துக்குக் கம்பி அல்லது அதே குழாயை வெல்டிங் செய்து இறக்குங்கள். அதன் நுனியில் குறுக்காக ஒரு கம்பி கட்டாயம் வேண்டும், கான்கிரீட்டைப் பற்றிக்கொள்ள. கான்கிரீட் போட்டு ஒரு வாரம் தண்ணீர் காட்டிவிட்டு அடுத்த தூணுக்குப் போங்கள். ஒரு மாதம் ஆகும். பட்டறைக்காரர் முகம் சுளிப்பார். சுளிக்கட்டும்.

கான்கிரீட்டின் மேல்மட்டம் தரையைவிட இரண்டு அங்குலம் உயர்ந்து, தூணிலிருந்து வெளிப்புறமாகச் சரிந்திருக்க வேண்டும். தூணைச் சுற்றித் தண்ணீர் நின்றால் துரு அங்கேதான் தொடங்கும். கான்கிரீட்டும் இரும்பும் சேரும் அந்த விரற்கடை இடத்தில்தான் நம் ஊர்க் கம்பங்களெல்லாம் சாகின்றன.

16 பிப்ரவரி

"ஒரு பக்கத்தை வீட்டுச் சுவரிலேயே பிடித்துவிட்டால் இரண்டு குழி மிச்சம்தானே?" என்ற கேள்விக்கு: பிடிக்கலாம், எதில் பிடிக்கிறீர்கள் என்பதைப் பொறுத்தது. கான்கிரீட் பீமிலோ லிண்டலிலோ பிடித்தால் நல்லது. ஒன்பது அங்குலச் செங்கல் சுவரில் பிடித்தால் கெமிக்கல் ஆங்கர், அதாவது துளைக்குள் ரசாயனப் பசையால் பிடிக்கும் போல்ட், போடுங்கள். பூச்சிலும் கைப்பிடிச் சுவரிலும் பிடிக்க வேண்டாம். நாலரை அங்குலச் சுற்றுச்சுவரைத் தொடவே தொடாதீர்கள். அந்தச் சுவர் தன் காலில் நிற்பதே பெரிய காரியம்.

இன்னொன்று. ஒரு பக்கம் வீட்டுச் சுவர், மறுபக்கம் மதில் என்றால் கீழே புகுந்த காற்றுக்கு வெளியேற வழி குறைவு. அது கூரையைத்தான் தள்ளும். சாரலுக்காகத் தார்ப்பாய்த் திரை கட்டுகிறவர்கள் கவனியுங்கள்: பெருங்காற்று என்றால் முதல் வேலையாகத் திரையைச் சுருட்டிவிட வேண்டும். மழை உள்ளே வரும், வரட்டும்.

21 பிப்ரவரி

வாட்டம், அதாவது தண்ணீர் ஓடக் கூரைக்குத் தரும் சரிவு.

மட்டமான சட்டத்தின்மேல் மட்டமாக ஷீட் போட்டால் தண்ணீர் நிற்கும். நின்ற தண்ணீரின் கனத்தில் ஷீட் தொய்யும், தொய்ந்த இடத்தில் இன்னும் தண்ணீர் நிற்கும். அப்புறம் பாசி, கொசு, ஸ்க்ரூ ஓட்டை வழியாகச் சொட்டு. பாலிகார்பனேட்டுக்குக் குறைந்தது 5 டிகிரி வாட்டம் வேண்டும். 10 அடி ஓட்டத்துக்குப் பத்தரை அங்குல உயர வித்தியாசம். பட்டறைக்காரர் "இரண்டு அங்குலம் போதும்" என்பார். தண்ணீர் ஓட அது போதலாம். வேப்பிலையும் புழுதியும் தண்ணீரோடு ஓட அது போதாது.

இதற்காகப் பழைய சட்டத்தை அறுக்க வேண்டாம். அது அப்படியே இருக்கட்டும். அதன்மேல் குட்டைக் கால்கள் வைத்து இரண்டாவது சட்டம் ஒன்றை ஏற்றுங்கள். வீட்டுப் பக்கக் கால்கள் உயரமாக, தோட்டத்துப் பக்கக் கால்கள் குட்டையாக. ஷீட் அந்த மேல்சட்டத்தில் உட்காரும். அண்ணாந்து பார்த்தால் பழைய வரிசைக் குழாய்கள் அதே அழகோடு தெரியும். நடுவில் உள்ள இடைவெளியில் காற்று ஓடும். நாங்கள் எங்கள் கொல்லையில் இப்படித்தான் செய்தோம். அந்த இடைவெளியின் அருமை சித்திரை மாதத்தில் தெரியும்.

தண்ணீர் வீட்டைவிட்டு வெளியே விழ வேண்டும், ஆனால் பக்கத்து மனைக்குள் விழக்கூடாது. இதற்காக ஆண்டுக்கணக்கில் பேச்சுவார்த்தை இல்லாமல் வாழும் இரண்டு வீடுகளை எனக்குத் தெரியும்.

வீட்டுச் சுவரும் கூரையும் சேரும் இடத்துக்குச் சிமெண்ட் பூசி அடைப்பது நம் ஊர் வழக்கம். முதல் கோடையிலேயே வெடித்துவிடும். சுவரில் ஒரு காடி வெட்டி, வளைத்த அலுமினியப் பட்டியைச் செருகி, அது ஷீட்டின்மேல் அரையடி நீண்டு மூடும்படி விடுங்கள். பட்டிக்கும் ஷீட்டுக்கும் இடையே இரண்டு விரல் சந்து இருக்கட்டும். சூடான காற்று வெளியேற வேறு வழி கிடையாது.

3 மார்ச்

இப்போது ஷீட். என் கருத்தில் இது மூன்றாவதாகத் தீர்மானிக்க வேண்டிய விஷயம். கடையில் இதைத்தான் முதலில் கேட்கிறார்கள்.

பாலிகார்பனேட் வாங்குவதென்றால் சில விஷயங்களில் விடாப்பிடியாக இருங்கள். வெயில் தடுப்புப் பூச்சு பெரும்பாலும் ஒரு பக்கத்தில் மட்டுமே இருக்கும். அது எந்தப் பக்கம் என்று பாதுகாப்புப் படலத்தில் அச்சிட்டிருக்கும். அந்தப் பக்கம்தான் வானத்தைப் பார்க்க வேண்டும். படலத்தை உரித்துவிட்டுப் "எந்தப் பக்கம் வைத்தால் என்ன" என்று மாட்டப்பட்ட ஷீட் சீக்கிரமே மஞ்சள் பூத்து, விரலால் அழுத்தினால் நொறுங்கும் நிலைக்கு வந்துவிடும். ஆனால் மாட்டி முடித்ததும் படலத்தை உடனே உரித்துவிட வேண்டும். வெயிலில் விட்டால் அது ஷீட்டோடு ஒட்டிக்கொண்டு வராது.

ஷீட்டுக்குள் ஓடும் நீள அறைகள் வாட்டத்தின் திசையில், மேலிருந்து கீழாக ஓட வேண்டும். குறுக்காகப் போட்டால் உள்ளே சேரும் ஈரம் வெளியேறாமல் பச்சைக் கோடுகளாகப் பாசி படியும். மேல்முனையை ஈரம் புகாத டேப்பால் மூடுங்கள். கீழ்முனைக்கு நுண்துளை உள்ள டேப் தனியாக இருக்கிறது. அதைக் கேட்டு வாங்குங்கள். இரண்டு முனைக்கும் ஒரே டேப்பைச் சுற்றித் தருகிறவரிடம் சண்டை போடுங்கள்.

பலரும் கவனிக்காதது ஷீட்டின் விரிவு. ஒரு டிகிரிக்கு ஒரு மீட்டர் நீளம் சுமார் 0.067 மி.மீ. விரியும். மூன்று மீட்டர் ஷீட், பின்னிரவுக் குளிருக்கும் உச்சி வெயிலில் கூரை ஏறும் சூட்டுக்கும் 40 டிகிரி வித்தியாசம் என்றால், 8 மி.மீ. இரும்பு அதில் ஐந்தில் ஒரு பங்குகூட விரியாது. ஸ்க்ரூவுக்குச் சரியான அளவில் ஓட்டை போட்டு இறுக்கினால் ஷீட் ஒவ்வொரு நாளும் தன்னையே இழுத்துக்கொள்ளும். பிறகு ஓட்டையிலிருந்து கீறல் கிளம்பும். ஸ்க்ரூவைவிட ஓட்டை பெரிதாக, நீள ஷீட்டுக்கு இன்னும் பெரிதாக இருக்க வேண்டும். மேலே அகலமான வாஷர். வாஷருக்கு அடியில் இ.பி.டி.எம். என்ற வெயில் தாங்கும் ரப்பர். பி.வி.சி. வாஷர் வேண்டாம், அதிலிருந்து கசியும் ரசாயனம் பாலிகார்பனேட்டை வெடிக்க வைக்கும். இரவு நேரத்தில் கூரை "டக் டக்" என்று சத்தம் போடுகிறது என்று இதற்கு முன்பு ஒருவர் எழுதியிருந்தாரே, அது இந்த இறுக்கம்தான்.

5 மார்ச்

ஓடு போடலாமா என்று கேட்கிறார்கள். ஆசை எனக்கும் புரிகிறது. 1865-இல் பாசல் மிஷன் என்ற கிறித்தவ அமைப்பு மங்களூரில் தொடங்கிய தொழிற்சாலையிலிருந்து பரவிய அந்தச் சிவப்பு ஓட்டுக்கு ஈடான அழகு எந்த ஷீட்டுக்கும் இல்லை. ஆனால் அது சதுர மீட்டருக்கு 40 கிலோவைத் தாண்டும், மழையில் நனைந்தால் இன்னும் கூடும். உங்கள் 120 சதுர அடிக்கு அரை டன்னுக்கு அருகில். இரண்டு அங்குலக் குழாய் அதைத் தாங்காது. அதைவிட, ஓட்டுக்கு 25, 30 டிகிரிச் சரிவு வேண்டும். 10 அடி ஓட்டத்துக்கு நாலரை அடிக்கு மேல் உயரம் ஏற வேண்டும், அது வீட்டின் மேல்தளத்தையே தாண்டிவிடும். ஓடு வேண்டுமென்றால் தூணிலிருந்து புதிதாகக் கட்டுங்கள்.

கல்நார் (ஆஸ்பெஸ்டாஸ்) சிமெண்ட் ஷீட் மலிவு என்று ஒருவர். குழந்தைகள் விளையாடும் இடத்தில் அதை அறுத்து, துளை போட்டு, அந்தத் தூசியைப் பரப்ப வேண்டுமா? என் கொல்லையில் அதற்கு இடமில்லை.

கீற்று: அதைப் பற்றித் தனியாக எழுதுகிறேன். அவசரமாகச் சொல்லக்கூடியது அல்ல.

9 மார்ச்

கீற்றுக் கொட்டகையின் குளிர்ச்சியை அனுபவித்தவன் வேறு எதையும் கூரை என்று ஒப்புக்கொள்ள மாட்டான். எங்கள் பாட்டி வீட்டுக் கொல்லையில் சவுக்குக் கம்பும் மூங்கிலும் கட்டி, முடைந்த தென்னங்கீற்று வேய்ந்திருக்கும். மத்தியான வெயிலில் அங்கே பாய் போட்டால் எழுந்திருக்க மனம் வராது. மழைச் சத்தமும் கேட்காது, அது இறங்குவது மட்டும் தெரியும். கீற்றின் எடை குறைவு, வேலை தெரிந்தவர் ஊரிலேயே இருந்தார், பழசானால் எருக்குழிக்குப் போனது. ஆண்டுக்கு ஒரு முறை, போனால் போகிறது என்று இரண்டாண்டுக்கு ஒரு முறை மாற்றுவார்கள்.

ஆனால் இன்று வீட்டை ஒட்டிய பெர்கோலாவில் கீற்றைப் போடச் சொல்ல என்னால் முடியாது. அதன் அடியில் மின்விளக்கு, மின்விசிறி, பல வீடுகளில் பண்டிகைக்கு விறகடுப்பு, மேலே பக்கத்துத் தெருவின் வாணவெடி. 2004 ஜூலை 16 அன்று கும்பகோணத்தில் பள்ளியின் கீற்றுக் கூரை எரிந்து 94 குழந்தைகள் இறந்தார்கள். எங்கள் ஊரிலிருந்து அது தூரம் இல்லை. அந்தச் செய்தி வந்த நாளை இந்தப் பகுதியில் யாரும் மறக்கவில்லை. வீட்டைவிட்டுத் தள்ளித் தோட்டத்தின் நடுவில், நெருப்போ மின்சாரமோ இல்லாமல் ஒரு கீற்றுக் கொட்டகை போடுகிறீர்கள் என்றால் போடுங்கள், நானும் வந்து உட்காருகிறேன். வீட்டோடு ஒட்டியது என்றால் கூடாது.

5 மே

பிப்ரவரி வெயிலில் யோசித்ததை மே வெயிலில் மறுபடி யோசிக்க வேண்டியிருக்கிறது. மார்ச் 3-ஆம் தேதிக் குறிப்பில் நிறத்தைப் பற்றி நான் ஒன்றும் சொல்லவில்லை. அது முக்கியம்.

கண்ணாடி போன்ற தெளிவான ஷீட் மதுரைக்கு வேண்டவே வேண்டாம். வெயில் உள்ளே வரும், தரையைச் சுடவைக்கும், அந்தத் தரை வெளியிடும் வெப்பம் ஷீட்டைத் தாண்டி வெளியே போகாது. காய்கறி நாற்றங்காலுக்கு அது வரம், மனிதருக்கு அல்ல. கடைகளில் அதிகம் விற்கும் பழுப்பு நிற ஷீட் கண்ணுக்கு நிழல் தரும். ஆனால் வெயிலைத் தானே விழுங்கிச் சூடேறி நம் தலைமேல் கக்கும். பால் வெள்ளை நிறம்தான் இவற்றில் தேவலை. நாங்கள் அதைத்தான் போட்டிருக்கிறோம். அப்படியும் மேற்கு வெயில் சாயும் வேளையில் சுவர் ஓரத்து நாற்காலியில் உட்கார முடியவில்லை.

வடமாவட்டத்திலிருந்து ஒருவர் தம் வீட்டில் இரும்புக் கலர் ஷீட் போட்டதாகவும் அடியில் அடுப்பாக இருப்பதாகவும் எழுதியிருக்கிறார். ஒற்றைத் தகடு அப்படித்தான் இருக்கும். இரண்டு தகடுகளுக்கு நடுவே பஃப் என்ற கெட்டி நுரை நிரப்பிய பேனல்கள் வருகின்றன. சதுர மீட்டருக்குப் பத்துப் பன்னிரண்டு கிலோ. விலை கூடுதல். சூடும் குறைவு, மழைச் சத்தமும் குறைவு. வெளிச்சம் அறவே வராது, கூரைக்குப் பின்னால் உள்ள சமையலறை இருட்டிவிடும். பகலில் அங்கே புழங்குகிறவரைக் கேட்டுவிட்டுத் தீர்மானியுங்கள். எங்கள் வீட்டில் அந்தக் கேள்விக்கு என் மனைவி சொன்ன ஒரே பதிலில் பேனல் யோசனை நின்றது.

19 மே

முழுவதையும் மூடத்தான் வேண்டுமா?

இந்த இழையில் இதை யாரும் கேட்காதது எனக்கு வருத்தம். எங்கள் கொல்லையில் மூன்றில் இரண்டு பங்குக்குத்தான் ஷீட். தோட்டத்துப் பக்கம் மிச்சம் திறந்தே இருக்கிறது. அதில் சங்குப்பூவும் ஒரு பாகல் கொடியும் ஏறியிருக்கின்றன. கொடி நிழலில் கால் நீட்டி உட்காரும் இடம் ஷீட் நிழலைவிடக் குளிர்ச்சி, ஏனென்றால் இலை தான் வாங்கிய வெயிலில் தண்ணீரை ஆவியாக்கி வெளிவிடுகிறது, ஷீட் வாங்கி வைத்துக்கொள்கிறது. கம்பம் பள்ளத்தாக்கில் பன்னீர்த் திராட்சைப் பந்தலுக்குள் நடந்து பார்த்தவர்களுக்கு நான் சொல்வது புரியும். வெளியே தலை சுடும், உள்ளே கழுத்து வேர்வை ஆறிவிடும்.

காற்றின் கணக்கும் இதில் குறைகிறது. மூன்றில் ஒரு பங்கு ஷீட் இல்லையென்றால் தூக்கு விசையிலும் அவ்வளவு கழிகிறது.

மூட வேண்டியது துணி துவைக்கும் இயந்திரம் இருக்கும் மூலையையும் பின்வாசலையும்தான். மற்ற இடத்துக்கு 75 சதவீத நிழல்வலையைக் கட்டி, ஐப்பசிக்கு முன்னால் அவிழ்த்துவிடலாம். கொடியை ஷீட்டின்மேல் மட்டும் ஏற விடாதீர்கள். சருகு மக்கி வாட்டத்தை அடைக்கும்.

23 ஜூன்

தென்னைமரத்துக்கு அடியில் பெர்கோலா வைத்திருக்கும் பெண்மணிக்கு: ஒரு முற்றிய காய் நாற்பது அடியிலிருந்து விழுந்தால் மணிக்கு ஐம்பது கிலோமீட்டருக்கு மேல் வேகத்தில் வந்து சேரும். இரட்டைச்சுவர் ஷீட் அதற்கு நிற்காது. காய்களை நேரத்துக்கு இறக்குங்கள், பழுத்த மட்டைகளைக் கழிக்கச் சொல்லுங்கள். மரத்தை வெட்டச் சொல்ல மாட்டேன். கூரையை நகர்த்தச் சொல்வேன்.

அழகர்கோவில் பக்கத்துக் குரங்குகளைப் பற்றிக் கேட்டவருக்கு: ஆறு மி.மீ. வேண்டாம், பத்து போடுங்கள், தாங்கு சட்டங்களை இரண்டடிக்கு ஒன்றாக வையுங்கள். குரங்குக் குட்டிகள் அதைச் சறுக்குமரமாக்கிக்கொள்ளும், அதை யாராலும் தடுக்க முடியாது. பார்க்க நன்றாகவே இருக்கும்.

4 ஆகஸ்ட்

மதுரை வாசகர் தூண்வேலையை முடித்துவிட்டார். குழிகள் இரண்டடிக்கு இரண்டடி. இந்த ஆடிக் காற்றில் மேல்சட்டம் அசையவில்லை என்கிறார். ஆடிக் காற்றில் அம்மியும் பறக்கும் என்று சொல்லிவைத்த ஊர் நம்முடையது. புயல் வராத மாவட்டங்களில் இந்தக் காற்றுதான் பரீட்சை. மலைக் கணவாய்களுக்கு எதிரே இருக்கும் தேனி, தென்காசி, பொள்ளாச்சிக்காரர்கள் நான் மதுரையின் காற்று வேகம் 39 என்று எழுதியதை வைத்துக் குழியைச் சிறிதாக்கிவிட வேண்டாம். உள்ளூர் நிலவமைப்பு காற்றைக் குவித்துத் தரும். பொறியாளர் ஒருவரிடம் இடத்தைக் காட்டிவிடுங்கள்.

ஷீட் ஏற்றும் முன் அவர் செய்ய வேண்டியது பெயிண்ட். வெல்டிங் செய்த இடமெல்லாம் துத்தநாகப் பூச்சு எரிந்துபோயிருக்கும். கசடைத் தட்டி, தேய்த்து, துத்தநாகம் கலந்த பிரைமர் அடித்து, பிறகு பெயிண்ட். குழாய்களின் திறந்த முனைகளை மூடி போட்டு வெல்டிங் செய்யுங்கள். உள்ளே இறங்கும் ஈரம் வெளியே தெரியாமலே குழாயைத் தின்றுவிடும். ஷீட் ஏறிய பிறகு அந்த மேல்பக்கத்தை மறுபடி பெயிண்ட் பிரஷ் தொடப் போவதில்லை.

மாநகராட்சி எல்லைக்குள் இருக்கிறீர்கள், மதிலை ஒட்டிய திறந்தவெளியில் கூரை வருகிறது. திறந்த சட்டமும் மூடிய கூரையும் விதிகளின் பார்வையில் ஒன்றாக இருக்க வேண்டியதில்லை. ஷீட் வாங்கும் முன் கேட்டுவிடுங்கள்.

20 அக்டோபர்

கூரை ஏறிவிட்டது, படம் அனுப்பியிருக்கிறார். பால் வெள்ளை, பத்து மி.மீ., முக்கால் பங்கு மூடல், மிச்சம் திறப்பு. பழைய குழாய் வரிசையின் நிழல் ஷீட்டுக்கு அடியில் தெரிகிறது. மிக நன்றாக இருக்கிறது. மழைநீர்க் கால்வாய் மட்டும் இல்லை. "பிறகு பார்க்கலாம் என்கிறார்கள்" என்று எழுதியிருக்கிறார்.

பிறகு அல்ல, இந்த வாரமே. ஒரு மணி நேரத்தில் 10 செ.மீ. மழை பெய்தால் மூடிய முக்கால் பங்கின் 8 சதுர மீட்டரிலிருந்து 800 லிட்டருக்கு மேல் இறங்கும். கால்வாய் இல்லையென்றால் அத்தனையும் ஒரே கோடாக உங்கள் புதிய கான்கிரீட் காலடியில் விழுந்து மண்ணை அரிக்கும். நான்கு அங்குல பி.வி.சி. குழாயை நீளவாக்கில் அறுத்தால் இரண்டு கால்வாய். மூன்றடிக்கு ஒரு கொக்கி, ஒரு பக்கமாக லேசான சரிவு, முனையில் மூன்று அங்குல இறங்கு குழாய். வாயில் ஒரு கம்பிவலை வையுங்கள், வேப்பிலைக்காக. தண்ணீரைச் சாக்கடையில் விடாதீர்கள். தமிழ்நாட்டில் 2003-இலேயே மழைநீர் சேகரிப்பைக் கட்டாயமாக்கினார்கள். உங்கள் வீட்டில் அந்தத் தொட்டி எங்கேயோ மண்மூடிக் கிடக்கும். தேடித் திறந்து, குழாயை அதில் இறக்குங்கள்.

2 டிசம்பர்

ஃபெஞ்சல் புயல் நவம்பர் 30 இரவு புதுச்சேரி அருகே கரையைக் கடந்தது. அதற்கு முந்தைய வாரம் டெல்டாவில் கொட்டிய மழையில் எங்கள் கூரை ஒழுகவில்லை, கால்வாய் இரண்டு முறை அடைத்துக்கொண்டது. பக்கத்து வீட்டு முருங்கை இலை. கம்பிவலையின் கண்ணை இன்னும் பெரிதாக்க வேண்டும். சிறிய கண் என்றால் இலை அதன்மேலேயே ஒட்டி மூடிவிடுகிறது.

மதுரையில் இரண்டு ஸ்க்ரூ ஓரம் சொட்டுகிறதாம். பட்டறைக்காரர் சிலிகான் டியூபோடு வந்து நிற்கிறாராம். அவரைக் கொஞ்சம் நிறுத்துங்கள். முகர்ந்து பாருங்கள், புளித்த காடி வாடை அடித்தால் அந்தச் சிலிகான் வேண்டாம், அது துத்தநாகப் பூச்சையும் ஷீட்டையும் கெடுக்கும். நியூட்ரல் என்று எழுதியிருப்பதைத்தான் வாங்க வேண்டும். பெரும்பாலும் அதுவும் தேவைப்படாது. அந்த இரண்டு ஸ்க்ரூவையும் கழற்றி, ஓட்டை நடுவில் ஸ்க்ரூ நிற்கிறதா, சாய்வாக இறங்கியிருக்கிறதா என்று பாருங்கள். சாய்ந்த ஸ்க்ரூவின் வாஷர் ஒரு பக்கம் தூக்கிக்கொள்ளும். ஓட்டையை அகலமாக்கி, ரப்பரைப் புதிதாக மாற்றி, நேராக இறக்குங்கள். ரப்பர் லேசாக அமுங்கினால் போதும். விளிம்பில் பிதுங்கினால் அதிகம், கால் சுற்றுத் தளர்த்திவிடுங்கள்.

கார்த்திகை மழை இன்னும் முடியவில்லை. இதை வெயில் அடிக்கும் நாள் பார்த்துச் செய்யுங்கள். ஏணியை ஷீட்டில் சாய்க்காமல் இரும்புச் சட்டத்தில் சாய்த்து வையுங்கள். ஷீட்டின்மேல் யாரும் கால் வைக்கக் கூடாது. ஏறித்தான் ஆக வேண்டுமென்றால் இரண்டு சட்டங்களுக்குக் குறுக்கே பலகை போட்டு அதில் நில்லுங்கள்.